பதினாலு மூலை வரைக்கும்

முதலில் மன்னித்துக்கொள்ளுங்கள். கையெழுத்து கோழிக் கிறுக்கலாகத்தான் இருக்கும். ஐந்தாவதோடு நின்றுபோன கை இது. எங்கே சின்ன ர, எங்கே பெரிய ற என்று இன்றைக்கும் எனக்குத் தடுமாற்றம். தப்பு இருந்தால் நம் வாத்தியார் மாதிரி சிவப்பு மையில் சுழிக்காமல், கூட ஒரே பலகையில் உட்கார்ந்தவன் எழுதியது என்று நினைத்துப் படியுங்கள்.

போன மாதம் நம் ஐந்தாம் வகுப்பு வாட்ஸ்அப் குழுவிலிருந்து நான் சொல்லாமல் வெளியே போய்விட்டேன். எனக்குக் கோபம் என்று நினைத்திருக்கிறீர்கள். உங்களில் ஒருவர் போன் போட்டு, “இன்னா மச்சான், யாரு இன்னா சொன்னாங்க? பேரச் சொல்லு, கேட்டுடறேன்” என்றார். யாரும் ஒன்றும் சொல்லவில்லை. என் போனில் இடம் நிறைந்துவிட்டது, அவ்வளவுதான். நிறைந்துவிட்டால் எதையாவது அழிக்கச் சொல்லித் திரையில் வரும். எனக்கு அது ஆகாது. உள்ளங்கை வேர்த்துவிடும். எதை அழிப்பது என்று இரண்டு நாள் பார்த்துக்கொண்டிருந்தேன். கடைசியில் எதையும் அழிக்க முடியாமல், நானே வெளியே போனேன்.

இதற்கு ஒரு காரணம் இருக்கிறது. நீங்கள் எல்லோரும் ஆறாம் வகுப்புக்குப் போன வருஷம் நான் ஏன் வரவில்லை என்பதற்கும் அதுதான் காரணம். நேரில் சொல்ல எனக்கு வாய் வராது. உங்களுக்குத் தெரியும். அதனால் எழுதுகிறேன்.

அந்தக் கோடையில் என் அக்கா செங்கல்பட்டில் பாலிடெக்னிக் கடைசி வருஷம். சிவில் படித்தாள். திருப்போரூரிலிருந்து காலை பஸ்ஸில் போவாள். எனக்குப் பத்து வயது, அவளுக்குப் பத்தொன்பது. எங்கள் பெரியப்பா திருப்போரூரில் சைக்கிள் கடை வைத்திருந்தது உங்களுக்கு ஞாபகம் இருக்கும். அவருக்குப் பிள்ளை இல்லை. எங்கள் வீட்டில் என்ன நடந்தாலும் நைனா அவரைக் கேட்டுத்தான் செய்வார். ஐந்தாவது முடிந்ததும் என்னைக் கடையில் விட்டுவிட வேண்டும் என்பது பெரியப்பாவின் எண்ணம். கெட்ட எண்ணம் இல்லை. நான் பேசாத பிள்ளை என்பதுதான் அவர் கவலை.

“வாத்தியார் கேள்வி கேட்டா மரமாட்டம் நிக்கிறான். இவன பெரிய இஸ்கூலுக்கு அனுப்பி இன்னா பண்றது? கடையில குந்தினான்னா கை பேசும், வாய் எதுக்கு?” என்பார்.

நைனா அதற்குத் தலையாட்டுவார். அக்காதான் விடவில்லை.

“அவன் தலையில எல்லாம் நிக்குது பெரியப்பா. வெளிய வரல, அவ்ளோதான்.”

“உள்ளயே நின்னா யாருக்குத் தெரியும்?” என்று கேட்டார் பெரியப்பா.

அப்போது திருவிடந்தைப் பக்கம் எங்களுக்குப் பொதுவில் ஒரு சவுக்குத் தோப்பு இருந்தது. நாம் காய் பொறுக்கி ஒருவர் முதுகில் ஒருவர் எறிந்து விளையாடினோமே, அதே தோப்பு. ஒரு பக்கம் மணல் மேடு, ஒரு பக்கம் உப்பங்கழி. கழி எப்படி வளைந்ததோ அப்படியெல்லாம் தோப்பின் ஓரமும் வளைந்து கிடந்தது. அதை நைனாவும் பெரியப்பாவும் பாதியாகப் பிரித்துக்கொள்வதாகப் பேச்சு. பாதி போட வேண்டுமானால் மொத்தம் எவ்வளவு என்று தெரிய வேண்டும். கோணல்மாணலான நிலத்துக்குக் கணக்குப் போடுவது சுலபமில்லை. அக்கா, “எங்க லெக்சரர்கிட்ட ஒரு மிஷின் கீது. அதுல போட்டுடலாம்” என்றாள்.

ஒரு வாரத்துக்கு என்று இரவல் வாங்கி வந்தாள். சிங்கப்பூரிலிருந்து லெக்சரருக்கு யாரோ கொண்டுவந்து கொடுத்ததாம். ரெக்சின் உறையில் புதுச் செருப்பு வாசனை. உள்ளே ஒரு கால்குலேட்டர், நம் சிலேட்டில் பாதி இருக்கும். அதன் திரை சாதாரணக் கால்குலேட்டர் மாதிரி ஒற்றை வரி இல்லை. இரண்டு தீப்பெட்டியைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்த மாதிரி அகலம். எண் மட்டுமில்லை, படமும் போடும்.

“இதுக்குள்ள புரோகிராம்னு ஒண்ணு எழுதி வெக்கலாம். இன்னா பண்ணணும்னு ஒரு தடவ சொல்லிட்டா, அப்புறம் அதுவே கேட்டுக் கேட்டுப் பண்ணும்” என்றாள் அக்கா. லெக்சரரின் புரோகிராம்கள் மூன்று ஏற்கெனவே உள்ளே இருந்தன. மூன்றாம் நம்பரை அவள் எனக்கு ஓட்டிக் காட்டினாள். திரை காலியாக இருந்தது. பிறகு இடது ஓரத்தில் ஒரு புள்ளி. பக்கத்தில் இன்னொன்று, கொஞ்சம் மேலே. எறும்பு ஏறுவது போல ஒவ்வொரு புள்ளியாக ஏறி, உச்சிக்குப் போய், இறங்கி, மறுபடி சின்னதாக ஒரு ஏற்றம் ஏறி நின்றது. திருப்போரூர் மலையைப் பஸ்ஸிலிருந்து பார்த்தால் தெரிகிற மாதிரியே இருந்தது. முடிய ஒரு நிமிஷம் ஆகும். அக்கா இல்லாதபோது நான் எத்தனை தடவை அதைப் போட்டுப் பார்த்தேன் என்று கணக்கில்லை. அடுத்த புள்ளி எங்கே விழும் என்று தெரிந்தும், விழுகிற வரைக்கும் மூச்சை அடக்கிக்கொண்டிருப்பேன்.

லெக்சரர் ஒன்றே ஒன்றுதான் சொல்லி அனுப்பியிருந்தார். “உள்ள இருக்கறது எதையும் அழிச்சிடாதம்மா.”

அங்கேதான் சிக்கல் வந்தது. அந்த மிஷினின் மூளை ரொம்பச் சின்னது. மொத்தம் நானூற்று இருபத்திரண்டு இடம். ஒரு எழுத்துக்கு ஒரு இடம், ஒரு கூட்டல் குறிக்கு ஒரு இடம். லெக்சரருடைய மூன்றும் இருநூற்றுத் தொண்ணூற்றேழைப் பிடித்துக்கொண்டிருந்தன. மீதி நூற்று இருபத்தைந்து. எண்களைப் போட்டுவைக்க இருபத்தாறு பெட்டி தனியாக இருந்தது. அதற்கு மேல் பெட்டி வேண்டுமானால், ஒரு பெட்டிக்கு எட்டு இடம் விட்டுக்கொடுக்க வேண்டும்.

அக்கா தோப்பின் ஒவ்வொரு மூலையையும் முன்னாடியே நைனாவோடு டேப் பிடித்து அளந்து வைத்திருந்தாள். பதினாலு மூலை. ஒவ்வொரு மூலைக்கும் நீளம் ஒன்று, குறுக்கு ஒன்று. இருபத்தெட்டு எண். மிஷின் தன் வேலைக்கு மூன்று பெட்டி கேட்டது. ஆக முப்பத்தொன்று. ஐந்து பெட்டி அதிகம். அதற்கு நாற்பது இடம் போயிற்று. அவள் எழுதிய புரோகிராமோ நூற்று நாற்பதுக்கு மேல்.

கோடு போட்ட நோட்டுத்தாளில் அவள் எழுதி எழுதி அடித்தது இன்னும் கண்ணில் நிற்கிறது. முதலில் மிஷின் நம்மைப் பார்த்து “நீளம்” என்று ஆங்கிலத்தில் கேட்கிற மாதிரி எழுதியிருந்தாள். ஒவ்வொரு எழுத்தும் ஒரு இடம் தின்றது. அந்தச் சொற்களை எல்லாம் எடுத்தாள். வேறு இரண்டு வரியைச் சேர்த்து ஒன்றாக்கினாள். கடைசியில் எழுபத்தொன்றில் வந்து நின்றது. கூட்டிப் பார்த்தால் பதினாலு இடம் மிச்சம். அக்கா பென்சிலை என் தலையில் தட்டினாள். ஆனால் இப்போது மிஷின் வெறும் கேள்விக்குறி மட்டும்தான் காட்டும். அது எதைக் கேட்கிறது என்று கேட்கப்படுகிறவனுக்குத் தெரிந்திருக்க வேண்டும்.

“அத நீ ஞாபகம் வெச்சிக்கோ” என்றாள். “மிஷின்ல எடம் இல்லாதத ஒன் தலையில வெக்கிறேன். பெரியப்பா எதிர்க்க நீதான் இத ஓட்டப் போற. பாக்கட்டும்.”

அன்றிலிருந்தே பழகினேன். முதல் கேள்விக்குறி, மொத்தம் எத்தனை மூலை. அப்புறம் நீளம், குறுக்கு, நீளம், குறுக்கு. கழிப் பக்கம் போகிற குறுக்குக்கு முன்னால் கழித்தல் குறி. நடுவில் கவனம் தப்பினால் எந்த மூலையில் நிற்கிறோம் என்று தெரியாது. அதனால் நானாக ஒரு வழி செய்தேன். ஒரு கோந்து டப்பாவில் இருபத்தொன்பது புளியங்கொட்டை. ஒரு கேள்விக்கு ஒரு கொட்டையை எடுத்து வெளியே வைப்பேன். டப்பா காலியானால் விடை வர வேண்டும். வந்தது. ஆறு தடவை போட்டேன், ஆறு தடவையும் ஒரே விடை. அக்கா அம்மாவைக் கூப்பிட்டுக் காட்டினாள். அம்மா மீன் கழுவிய கையோடு வந்து பார்த்துவிட்டு, “வாய் தொறக்காமயே பண்றான் பாரு” என்றாள்.

“ஒண்ணு நெனப்புல வெச்சிக்கோ” என்றாள் அக்கா. “பதினாலு மூல வரைக்கும்தான். ஒரு மூல கூடினாலும் பத்தாது. அப்ப அவரோடது எதையாச்சும் அழிச்சாத்தான் ஆவும். அது கூடாது.” எப்படி அழிப்பது என்பதையும், தவறிக்கூட அந்தப் பொத்தானைத் தொடாதே என்று சொல்வதற்காகவே காட்டிவைத்தாள்.

பிரிக்கிற நாள் ஒரு ஞாயிற்றுக்கிழமை என்று இருந்தது. பெரியப்பா அதை வியாழனுக்கு மாற்றினார். வியாழன் அக்காவுக்குப் பிராக்டிகல் பரீட்சை. வெள்ளி மிஷினைத் திருப்பித் தர வேண்டும். அவள் பஸ் ஏறுமுன், ரெக்சின் உறையை என் கழுத்தில் மாட்டிவிட்டு, “நீ பண்ணிடுவ” என்றாள். பஸ் திரும்புகிற வரைக்கும் ஜன்னலில் இருந்து என்னையே பார்த்துக்கொண்டு போனாள்.

தோப்பில் நைனா, பெரியப்பா, நான், மூன்று பேர்தான். வெயில். சவுக்கு மரத்தில் காற்றுப் புகுந்தால் வருமே அந்தச் சத்தம், அது அன்று முழுக்க இருந்தது. பெரியப்பா என் கழுத்தில் தொங்கியதைப் பார்த்துச் சிரித்தார்.

“இன்னாடா, மாட்டுக்கு மணி கட்டினாமாதிரி. இதுதான் ஒன் சார்பா பேசப் போவுதா?”

நைனா, “தெரியும்ணா அவனுக்கு. வூட்ல பண்ணிக் காட்டினான்” என்றார். என் பக்கமாக அவர் பேசிக் கேட்டது அன்றைக்குத்தான்.

“சரி. இவன் இத சரியா பண்ணிட்டான்னா நானே கூட்டிகினு போயி ஆறாவதுல சேக்கறேன். போதுமா?” என்றார் பெரியப்பா.

மணலில் துண்டை விரித்து உட்கார்ந்தேன். தாளைப் பிரித்து, டப்பாவைத் திறந்தேன். அப்போது பெரியப்பா கழிமுனையைக் காட்டினார். அங்கே ஏழு கன்னிமார் கல் இருந்தது. வருஷத்துக்கு ஒரு தரம் எங்கள் வீட்டுப் பெண்கள் பொங்கல் வைக்கிற இடம்.

“அது பாகத்துல வேணாம். பொதுவா இருக்கட்டும். சதுரமா வெட்டி வுட்ருவோம்” என்றார்.

“நல்லதுணா” என்றார் நைனா.

இருவரும் டேப் பிடித்தார்கள். ஒரு மூலை இருந்த இடத்தில் மூன்று மூலை ஆயிற்று. நைனா புது அளவுகளைச் சொல்ல, நான் தாளில் எழுதினேன். எழுதும்போதே எனக்குத் தெரிந்துவிட்டது. பதினாறு. டப்பாவில் கொட்டை நாலு குறைந்தது. மணலில் கிடந்த நாலு சவுக்குக் காயைப் பொறுக்கி உள்ளே போட்டேன். காய் போட்டால் டப்பாவில் எண்ணிக்கை கூடும், மிஷினில் கூடாது என்று தெரியும். ஆனாலும் போட்டேன். கை ஏதாவது செய்ய வேண்டியிருந்தது.

மனசுக்குள் கணக்கு ஓடிற்று. முப்பத்தைந்து பெட்டி. ஒன்பது அதிகம். ஒன்பதெட்டு எழுபத்திரண்டு. புரோகிராம் போக இருப்பது ஐம்பத்திநாலு. பதினெட்டு பற்றாது. மறுபடி போட்டேன், மறுபடியும் பதினெட்டு. தோப்பை இரண்டு துண்டாக நினைத்து இரண்டு தடவை போட்டுக் கூட்டியிருக்கலாம் என்று இன்றைக்குத் தோன்றுகிறது. பத்து வயதில், இரண்டு பெரியவர்கள் என் தலைக்கு மேல் நிழலாக நிற்கும்போது, அது தோன்றவில்லை.

“ஆவட்டும்டா” என்றார் பெரியப்பா.

ஒருவேளை அக்கா தப்பாகக் கணக்குப் போட்டிருக்கலாம் என்று நினைத்துக்கொண்டு, ஒன்பது பெட்டி கேட்டு அழுத்தினேன். திரையில் இரண்டு ஆங்கிலச் சொல் வந்தது. முதல் சொல்லுக்கு மெமரி என்று அர்த்தம். அக்கா சொல்லிக் கொடுத்திருந்தாள். உள்ளே இடம் போதவில்லை என்று மிஷின் நேர்மையாகச் சொல்லுகிறது.

பெரியப்பா குனிந்தார். சைக்கிள் பாகம் வருகிற பெட்டியில் எழுத்துக் கூட்டிப் படித்துப் பழகியவர். முதல் சொல்லைப் பார்க்கவில்லை. இரண்டாவதை மட்டும் படித்தார்.

“எர்ரர். எர்ரர்னா தப்பு. தப்புன்னு போட்டுடுச்சே.”

“இன்னாடா பண்ண?” என்றார் நைனா.

சொல்ல வேண்டியது ஒரே வரி. மூலை கூடிப்போச்சு, இதுக்குள்ள பத்தாது. அவ்வளவுதான். அதைச் சொல்லாமல் தாளின் ஓரத்தை மடித்து மடித்துப் பிரித்தேன். பெரியப்பா சொல்லித்தான் மூலை கூடியது. அவரிடம் அதைச் சொல்லுவதா? சாமி கல்லை விட்டது தப்பு என்று சொன்ன மாதிரி ஆகாதா? இப்படி ஏதேதோ ஓடிற்று.

இப்போது, இதுவரை யாரிடமும் சொல்லாததைச் சொல்லுகிறேன். நான் அழிக்கிற இடத்துக்குப் போனேன். மூன்றாம் நம்பரில் நிறுத்தினேன். மலை வரைகிற அந்தப் புரோகிராம் தொண்ணூற்றாறு இடம். அது போனால் எல்லாம் சரி. ஒரு பொத்தான். அதன் மேல் கட்டைவிரலை வைத்தும் விட்டேன். பொத்தான் வெயிலில் சுட்டது. அக்கா லெக்சரருக்குக் கொடுத்த வாக்கு ஒரு பக்கம். இன்னொரு பக்கம், அந்தப் புள்ளிகள் இனி யாருக்கும் ஏறாது என்பது. அழுத்த முடியவில்லை.

வேர்வை திரையில் சொட்டியது. பெரியப்பா கோபப்படவில்லை. அதுதான் எனக்கு இன்னும் கஷ்டம்.

“வுடு. புள்ளய ஏன் பேஜாரு பண்ற? எல்லாருக்கும் எல்லாம் வராது” என்று நைனாவிடம் சொன்னார்.

நைனா என் கையிலிருந்து மிஷினை எடுத்துத் துடைத்து உறையில் போட்டார். என் முகத்தைப் பார்க்கவில்லை. பிறகு இருவரும் கயிறு போட்டுக் கண் திட்டத்தில் பாதியாகப் பிரித்துக்கொண்டார்கள். ஒருவருக்கொருவர் ஒரு வார்த்தை சண்டை இல்லை. அந்த நிலத்துக்கு மிஷினே தேவைப்படவில்லை. எனக்குத்தான் தேவைப்பட்டது.

மாலை அக்கா வந்தாள். தாளில் பதினாறு மூலையைப் பார்த்ததும் விஷயம் புரிந்துவிட்டது. பெரியப்பாவிடம் ஓடினாள். “அது அவன் தப்பு இல்ல பெரியப்பா, மிஷின்ல எடம் பத்தல.” அவர், “அத அவன்தானேம்மா சொல்லணும்? வாய் இருக்கு இல்ல?” என்றார். அவள் திரும்பி வந்து ரெக்சின் உறையை எடுத்துத் தன் பையில் வைத்தாள்.

ஜூனில் பள்ளி திறந்தது. நீங்கள் நீலக் கால்சட்டையில் கடையைத் தாண்டிப் போனீர்கள். உங்களில் ஒருவர் டயர் பஞ்சராகி வந்து, “டேய், நீ வரலியா?” என்று கேட்டது ஞாபகம் இருக்கிறதா? நான் டியூபைத் தண்ணீரில் அமுக்கிக் குமிழி வருகிறதா என்று பார்த்துக்கொண்டே இருந்தேன். ஓட்டையைக் கண்டுபிடித்த பிறகும் அமுக்கிக்கொண்டே இருந்தேன்.

கோந்து டப்பா எங்கே போயிற்றென்று தெரியவில்லை. தோப்பு பிளாட் ஆகிவிட்டது. பெரியப்பா என்னை மகன் மாதிரி வைத்திருந்தார். கடையை எனக்கே எழுதி வைத்துவிட்டுத்தான் கண் மூடினார். குறை சொல்ல ஒன்றுமில்லை. இப்போது கடையைப் பொத்தேரிக்கு மாற்றிக்கொண்டு, காலேஜ் பிள்ளைகளின் வண்டிகளுக்குப் பஞ்சர் போடுகிறேன்.

நான் குழுவை விட்டு வந்ததைக் கேள்விப்பட்டு அக்கா போன ஞாயிறு வந்திருந்தாள். ரிட்டயர் ஆகப் போகிறாள். காபியைக் கையில் வைத்துக்கொண்டு ரொம்ப நேரம் குடிக்கவில்லை.

“ஒன்கிட்ட ஒண்ணு சொல்லணும்டா. இத்தினி வருஷமா சொல்லல.”

“இன்னா?”

“வெள்ளிக்கெழம மிஷின குடுக்கப் போனேன் இல்ல? லெக்சரர் வாங்கினதும் தெறந்து பாத்தாரு. மூணாம் நம்பர என் எதிர்க்கவே அழிச்சாரு. ‘எம் பையன் எதையோ போட்டு வெச்சிக்கீறான், எடத்த அடச்சிகினு’ன்னாரு. நான் ‘சார், எதையும் அழிக்காதன்னு சொன்னீங்களே’ன்னேன். ‘ஒண்ணாம் நம்பரத்தாம்மா சொன்னேன், இத அழிச்சிருக்கலாமே’ன்னு சிரிச்சாரு. பஸ்ஸுல வர்ற வழியெல்லாம் அழுதேன். நான் ஒரு வார்த்த கேட்டிருந்தா நீ படிச்சிருப்ப.”

அவள் முப்பத்தைந்து வருஷத்துக்கு மேலாக அதைத் தன் தப்பு என்று வைத்திருக்கிறாள். நான் என் தப்பு என்று வைத்திருந்தேன். அப்போதுதான் கட்டைவிரலை வைத்ததையும் எடுத்ததையும் அவளுக்குச் சொன்னேன்.

“பொத்தான் மேல வெரல வெச்சும் அழிக்கலியா?”

“நீ கூடாதுன்ன.”

“அதுக்காவ மட்டுமா?”

“அந்த மலை நல்லா இருந்திச்சிக்கா.”

அவள் காபியைக் கீழே வைத்தாள். “பைத்தியம்” என்றாள். பிறகு விரலால் மேசை மேல் ஒரு ஏற்றம், ஒரு இறக்கம், சின்னதாக இன்னொரு ஏற்றம் போட்டாள். அவளுக்கும் ஞாபகம் இருந்தது.

இன்று காலை என் மகள் இந்தப் பக்கங்களைப் படம் எடுத்து உங்களுக்கு அனுப்பித் தருகிறேன் என்றாள். போனை எடுத்துப் பார்த்துவிட்டு, “எடம் எங்க இருக்குப்பா? நான் அழிக்கட்டுமா?” என்று கேட்டாள். குடு, நானே பார்க்கிறேன் என்று வாங்கிக்கொண்டேன். நீங்கள் இரண்டு வருஷமாக அனுப்பிய காலை வணக்கங்கள், ரோஜாப்பூ, முருகர், ஆவி பறக்கிற டீ கிளாஸ், எல்லாம் அப்படியே இருந்தன. ஒவ்வொன்றாகத் திறந்து பார்த்தேன். பார்த்து முடித்ததை அழித்தேன். முதல் ரோஜாப்பூவுக்கு மட்டும் கால் மணி நேரம் ஆயிற்று, கை அவ்வளவு வேர்த்தது. அப்புறம் கொஞ்சம் வேகம் வந்தது. முடிக்க மத்தியானம் ஆகிவிட்டது. கடையை இன்னும் திறக்கவில்லை.

பூக்களை அழித்ததற்குக் கோபிக்காதீர்கள். போனில் இப்போது இடம் இருக்கிறது. என்னைத் திரும்பச் சேர்த்துக்கொள்ளுங்கள்.

பொத்தேரி,
புரட்டாசி 4, சனிக்கிழமை, மத்தியானம்.